நிக்கோலாய் ஆலயத்தின் திங்கட்கிழமைகள்

அன்புள்ள ஐயா,

நான் திருச்சிக்காரன். தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபையில் பிறந்து வளர்ந்தவன். சில வருடங்களாக ஜெர்மனியில் லைப்சிக் நகரில் மென்பொருள் வேலை. வந்த புதிதில் நகராட்சியில் பதிவு செய்யும்போது மதம் என்ன என்று ஒரு கட்டம் இருந்தது. பெருமையாக லுத்தரன் என்று எழுதினேன். முதல் மாதச் சம்பளச் சீட்டில் சபை வரி என்று ஒரு தொகையைப் பிடித்திருந்தார்கள். அலுவலகத்தில் கேட்டபோது சிரித்தார்கள். எங்கள் பிரிவில் அந்த வரி கட்டுகிற ஆள் நான் ஒருவன்தானாம்.

ஞாயிறு ஆராதனைக்குப் போனால் அவ்வளவு பெரிய கோயிலில் இருபது முப்பது பேர், பெரும்பாலும் வயதானவர்கள். எங்களுக்கு வேதமும் பாட்டும் தந்த ஊர் என்று ஓய்வுநாள் பள்ளியில் கேட்டுக் கேட்டு, லைப்சிக்கை நான் ஏதோ எருசலேம் மாதிரி நினைத்திருந்தேன். எங்கள் ஊர்ப் போதகர் வாட்ஸாப்பில், "தேவன் உன்னை அங்கே அனுப்பியிருக்கிறார். அவர்கள் நமக்குத் தந்ததைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். தெருவில் இறங்கிப் பிரசங்கம் பண்ணு" என்கிறார். இங்கே உள்ள போதகர் ஒரு அம்மா. அகதிகளுக்கு மொழி வகுப்பு, முதியவர்களுக்குச் சாப்பாடு என்று ஓடிக்கொண்டே இருக்கிறார். யாரையும் ஜெபத்துக்கு வா என்று கூப்பிட்டு நான் பார்த்ததில்லை. இது சபையா, தொண்டு நிறுவனமா என்றே சந்தேகம் வருகிறது.

வீட்டிலும் ஒரு பிரச்சினை. மகளுக்குப் பதின்மூன்று வயது. அவள் வகுப்பில் பெரும்பாலான பிள்ளைகள் அடுத்த வருடம் யூகெண்ட்வைஹே என்ற விழாவுக்குத் தயாராகிறார்கள். கடவுள் இல்லாத திடப்படுத்தல் (பதின்ம வயதில் விசுவாசத்தை அறிக்கையிட்டுச் சபையில் முழு உறுப்பினராகிற சடங்கு) மாதிரி ஒன்று. தானும் சேரட்டுமா என்கிறாள். மனைவி கூடவே கூடாது என்கிறாள். நீங்கள் கிறிஸ்தவர் இல்லை என்று தெரியும். ஆனால் மிஷனெரிகளைப் பற்றி எழுதுகிறவர் என்பதால் கேட்கிறேன். மதமே வேண்டாம் என்று ஆகிவிட்ட சமூகத்தில் திருச்சபைக்கு என்னதான் வேலை?

டி.

அன்புள்ள டி.,

சபை வரியைப் பார்த்து நீங்கள் முழித்ததை நினைத்துச் சிரித்துக்கொண்டேன். நம் ஊரில் சந்தா பாக்கிக்கு ஆள் அனுப்புவார்கள். அங்கே அரசாங்கமே வருமான வரியோடு சேர்த்து அதில் நூற்றுக்கு ஒன்பது என்று பிடித்துச் சபைக்குக் கொடுத்துவிடுகிறது. சபையிலிருந்து சட்டப்படி விலகினால்தான் அது நிற்கும். மேற்கு ஜெர்மனியில் வருடாவருடம் லட்சக்கணக்கானவர்கள் அப்படி விலகுகிறார்கள். உங்கள் ஊரிலோ விலகுவதற்கே ஆள் இல்லை, தாத்தா காலத்திலேயே விலகிவிட்டார்கள்.

இந்த வித்தியாசத்திலிருந்தே தொடங்குகிறேன். "ஐரோப்பாவில் பணம் வந்தது, விஞ்ஞானம் வந்தது, கடவுள் போய்விட்டார்" என்று நம் போதகர்களும் சொல்கிறார்கள், நம் நாத்திகர்களும் சொல்கிறார்கள். லைப்சிக்குக்கு அது பொருந்தாது. அங்கே கடவுள் தானாகப் போகவில்லை. நாற்பது வருடம் உட்கார்ந்து வேலை பார்த்து அனுப்பிவைத்தார்கள்.

லைப்சிக் இருந்த கிழக்கு ஜெர்மனி 1949-ல் கம்யூனிஸ்ட் ஆட்சியில் தனி நாடானபோது அங்கே பத்தில் ஒன்பது பேர் ஏதாவது ஒரு திருச்சபையில் இருந்தார்கள். 1989-ல் மூன்றில் ஒருவர்கூட இல்லை. இதற்காகப் பெரிய ரத்தக்களரி எதுவும் நடக்கவில்லை. சிறை உண்டு, மிரட்டல் உண்டு. 1953-ல் சபை இளைஞர் குழுவில் இருந்ததற்காகப் பிள்ளைகளைப் பள்ளியிலிருந்து நீக்கினார்கள். ஆனால் உண்மையில் வேலை செய்தது வேறு ஒன்று, உங்கள் மகள் கேட்கிற அதே விழா.

யூகெண்ட்வைஹே கம்யூனிஸ்டுகள் கண்டுபிடித்தது அல்ல. பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே சுயசிந்தனைக்காரர்கள் அப்படி ஒன்றை நடத்திவந்தார்கள். 1954-ல் கிழக்கு ஜெர்மன் அரசு அதைக் கையில் எடுத்தது. பதினான்கு வயதில், அதாவது திடப்படுத்தல் நடக்கிற அதே வயதில், பிள்ளைகள் மேடையேறி சோஷலிசத்துக்கு உறுதிமொழி சொல்ல வேண்டும். பூச்செண்டு, புத்தகம், வீட்டில் விருந்து எல்லாம் உண்டு. கட்டாயம் என்று சட்டம் இல்லை. ஆனால் போகாத பிள்ளைக்கு மேல்நிலைப் பள்ளியில் இடம் கிடைப்பது கஷ்டம், பல்கலைக்கழகம் அதைவிடக் கஷ்டம்.

சபை அப்போது என்ன செய்தது? அதுவா இதுவா, ஒன்றைத் தேர்ந்தெடு என்றது. அதற்குப் போனால் இங்கே திடப்படுத்தல் கிடையாது என்று கதவைச் சாத்தியது. கொள்கைப்படி பார்த்தால் சரிதான். ஆனால் தேர்ந்தெடுக்க வேண்டியவன் பதினான்கு வயதுப் பையன், அவனுக்குப் பின்னால் பிள்ளை டாக்டராக வேண்டும் என்று கனவு காணும் அப்பா அம்மா. நம் ஊர்ப் பெற்றோராக இருந்தால் என்ன செய்திருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள். சில வருடங்களிலேயே தராசு சாய்ந்துவிட்டது. பிறகு சபை இறங்கிவந்து இரண்டும் இருக்கலாம் என்றது. அதற்குள் குடும்பங்களுக்குப் பழக்கம் விட்டுப்போயிருந்தது. அப்பா திடப்படுத்தல் பெறவில்லை, மகனுக்கு ஞானஸ்நானம் இல்லை, பேரனுக்கு அந்தச் சொல்லே தெரியாது. லைப்சிக் ரயில் நிலையத்தில் சில இளைஞர்களிடம் "நீங்கள் கிறிஸ்தவரா, நாத்திகரா?" என்று கேட்டபோது, "இரண்டும் இல்லை, நாங்கள் சாதாரணமானவர்கள்" என்று பதில் வந்ததாக அங்கே அடிக்கடி சொல்வார்கள்.

ஆகவே உங்கள் அலுவலகத்தில் சிரித்தவர்கள் விசுவாசத்தை எதிர்க்கிறவர்கள் இல்லை. எதிர்ப்பதற்கு அவர்களுக்கு ஒன்றும் தெரியாது. நம் ஊர் நாத்திகருக்குப் புராணம் தலைகீழாகத் தெரியும், பிள்ளையாரோடு சண்டை போட்டே அரை ஆத்திகராகிவிடுவார். அங்கே அந்தச் சண்டைகூடக் கிடையாது. தெருமுனையில் நின்று "மனந்திரும்புங்கள்" என்றால், எதிலிருந்து எதற்கு என்று உண்மையாகவே புரியாமல் பார்ப்பார்கள்.

சரி, இப்போது லைப்சிக்கின் இன்னொரு கதை. உங்களுக்கு ஓரளவு தெரிந்திருக்கும். ஆனால் அது ஒரு வெற்றிக் கதையாகவே சொல்லப்படுகிறது, எனக்கு அதில் சம்மதமில்லை.

நகர நடுவே நிக்கோலாய் ஆலயம் இருக்கிறது. உள்ளே வெள்ளைத் தூண்கள் மேலே போகப்போகப் பச்சைப் பனை ஓலைகளாக விரியும். 1982 முதல் அங்கே ஒவ்வொரு திங்கட்கிழமையும் மாலை ஐந்து மணிக்குச் சமாதானத்துக்கான ஜெபம் நடந்தது. வெளியே ஒரு பலகை, "நிக்கோலாய் ஆலயம், எல்லோருக்கும் திறந்தது" என்று. போதகர் கிறிஸ்டியான் ஃப்யூரர். பல திங்கட்கிழமைகளில் கைவிரல் விட்டு எண்ணிவிடலாம் போன்ற கூட்டம்தான்.

அந்தக் காலத்தின் ஒரு சின்னப் பொருளைப் பற்றிச் சொல்ல வேண்டும். மீகா தீர்க்கதரிசியின் வசனம் உங்களுக்கு மனப்பாடமாக இருக்கும்: "தங்கள் பட்டயங்களை மண்வெட்டிகளாகவும், தங்கள் ஈட்டிகளை அரிவாள்களாகவும் அடிப்பார்கள்." ஒருவன் வாளைக் கலப்பையாக அடிக்கிற சிலையைச் சோவியத் யூனியனே 1959-ல் ஐக்கிய நாடுகள் சபைக்குப் பரிசாகக் கொடுத்திருந்தது. 1980-ல், லைப்சிக் இருக்கிற சாக்சனிப் பகுதிச் சபையின் இளைஞர் போதகர் ஒருவர் அந்தச் சிலையின் உருவத்தையும் வசனத்தையும் சேர்த்து ஒரு வட்டச் சின்னம் போட்டார். காகிதத்தில் அச்சடிக்க அரசு அனுமதி வேண்டும். துணியில் அடித்தால் அது அச்சு அல்ல, ஜவுளி வேலை, அனுமதி தேவையில்லை. துணியிலேயே அடித்தார்கள். இளைஞர்கள் சட்டைக்கையில் தைத்துக்கொண்டு திரிந்தார்கள். சோவியத் நண்பர்கள் கொடுத்த சிலையை எப்படித் தடை செய்வது என்று அரசுக்கு முதலில் விழி பிதுங்கியது. பிறகு தடை செய்தே விட்டார்கள். போலீஸ்காரர்கள் சின்னத்தை வெட்டி எடுத்தார்கள். பையன்கள் ஓட்டையோடு அதே சட்டையைப் போட்டுக்கொண்டு நடந்தார்கள். எல்லோருக்கும் புரிந்தது.

இந்தச் சின்ன வயதுக்காரர்களோடு சுற்றுச்சூழல் குழுக்கள் வந்தன, மனித உரிமைக் குழுக்கள் வந்தன. அப்புறம் நாட்டை விட்டுப் போக விண்ணப்பம் போட்டு அதனாலேயே வேலையிழந்தவர்கள் வந்தார்கள். இவர்களில் பெரும்பாலோர் இயேசுவைத் தேடி வரவில்லை. நாடு முழுக்கத் தேடினாலும் வாய் திறந்து பேசக்கூடிய கூரை அது ஒன்றுதான், அதற்காக வந்தார்கள். சபை இதை முழு மனதோடு ஏற்றுக்கொண்டது என்றும் சொல்ல முடியாது. 1988-ல் ஜெபத்தை இனி நீங்கள் நடத்தக் கூடாது என்று சபைத் தலைமை அந்தக் குழுக்களை ஒதுக்கியது. அவர்கள் வாயில் துணி கட்டிக்கொண்டு வந்து எதிர்ப்புக் காட்டினார்கள். ஸ்டாசி உளவுத்துறைக்குத் தகவல் கொடுத்துவந்த போதகர்களும் இருந்தார்கள், பின்னால் கோப்புகள் திறந்தபோது பெயர்கள் வெளியே வந்தன. போதகர்கள் எல்லோரும் வீரர்கள் என்று நினைத்துவிடாதீர்கள்.

1989 அக்டோபர் 9, திங்கட்கிழமை. அந்த ஜூன் மாதம்தான் பெய்ஜிங்கில் தியானன்மென் சதுக்கப் போராட்டத்தை ராணுவம் சுட்டு ஒடுக்கியிருந்தது. அதைக் கிழக்கு ஜெர்மன் அரசு வெளிப்படையாகவே ஆதரித்திருந்தது. தேவைப்பட்டால் ஆயுதத்தோடு தடுப்போம் என்று சில நாள் முன்பு உள்ளூர்ப் பத்திரிகையில் ஒரு கடிதம் வந்திருந்தது. இடத்தை அடைத்துக்கொள்வதற்காகக் ஆளும் கம்யூனிஸ்ட் கட்சிக்காரர்களை நூற்றுக்கணக்கில் முன்கூட்டியே கோயிலுக்குள் அனுப்பி உட்காரவைத்தார்கள். ஃப்யூரர் பின்னால் இதைப் பற்றிப் பேசும்போதெல்லாம் கொஞ்சம் ரசித்தே சொல்வார். அவர்களில் பலர் வாழ்க்கையில் கோயிலுக்குள் கால் வைத்ததே இல்லை, கட்சி உத்தரவின் பேரில் வந்து மலைப்பிரசங்கத்தைக் கேட்டார்கள்! "சமாதானம் பண்ணுகிறவர்கள் பாக்கியவான்கள்" என்று, வெளியே ஆயுதப் போலீஸ் நிற்கும்போது.

ஜெபம் முடிந்து வெளியே வந்தவர்கள் கையில் மெழுகுவர்த்தி. இதற்கு ஃப்யூரர் சொன்ன விளக்கம் எனக்கு மிகவும் பிடிக்கும். மெழுகுவர்த்தி பிடிக்க இரண்டு கையும் வேண்டும், ஒன்று பிடிக்க, ஒன்று காற்றிலிருந்து காக்க. அப்புறம் கல் எடுக்கக் கை ஏது? அன்று ஏறக்குறைய எழுபதாயிரம் பேர் நகரின் வட்டச் சாலையில் நடந்தார்கள், ஸ்டாசி அலுவலக வாசல் வழியாகவே. ஒரு குண்டும் சுடப்படவில்லை. சரியாக ஒரு மாதத்தில் பெர்லின் சுவர் திறந்தது.

இதைச் சபைதான் செய்தது என்று சொன்னால் அது பொய். மாஸ்கோவில் கோர்பச்சேவ் இருந்தார். ஹங்கேரி எல்லையைத் திறந்துவிட்டிருந்தது. பொருளாதாரம் நொறுங்கிக்கொண்டிருந்தது. அன்று மாலை அமைதி காக்கச் சொல்லி ஒலிபெருக்கியில் நகரத்துக்கு விண்ணப்பம் வைத்தவர் இசைநடத்துநர் குர்ட் மசூர். அவரையும் சேர்த்து அதில் கையெழுத்திட்ட ஆறு பேரில் மூன்று பேர் கட்சிக்காரர்கள். சபை கொடுத்தது வாரத்துக்கு ஒரு மணி நேரம், ஒரு கூரை, கல் எடுக்காமல் கோபப்படுவதற்கு ஒரு பழக்கம். ஏழு வருடம் திங்கள்தோறும் கொடுத்தது, அவ்வளவுதான். ஆனால் அந்தப் பழக்கம் வேறெங்கும் கிடைத்திருக்காது.

அதற்குப் பிறகு நடந்ததுதான் உங்கள் கேள்விக்கு நேரடியான பதில். சுவர் விழுந்தது, தேர்தல் வந்தது, போதகர்கள் பலர் நாடாளுமன்றத்துக்குப் போனார்கள், ஒருவர் பாதுகாப்பு அமைச்சர்கூட ஆனார். ஜனங்களோ கோயிலுக்குத் திரும்பவில்லை. எழுபதாயிரம் பேரில் சபையில் சேர்ந்தவர்கள் சொற்பம். சுதந்திரம் வந்தால் விசுவாசமும் வரும் என்று எதிர்பார்த்தவர்கள் ஏமாந்தார்கள். 2008-ல் பல நாடுகளில் எடுத்த ஒரு கருத்துக்கணிப்பில், கடவுள் இல்லை என்று சொன்னவர்கள் மிக அதிகமாக இருந்த இடம் பழைய கிழக்கு ஜெர்மனிதான், பாதிக்கு மேல்.

உங்கள் ஊர்ப் போதகர் இதைத் தோல்வி என்பார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பத்துக் குஷ்டரோகிகள் சொஸ்தமானார்கள், ஒருவன்தான் திரும்பி வந்தான். மற்ற ஒன்பது பேர் எங்கே என்று இயேசு கேட்டார், ஆனால் அவர்களுக்குக் கொடுத்த சுகத்தைத் திரும்ப வாங்கிக்கொள்ளவில்லை. உங்களுக்கு நான் வேதம் சொல்லித்தரத் தேவையில்லை. மதமில்லாத சமூகத்தில் திருச்சபையின் வேலை என்ன என்று கேட்டால், வெளியாளான எனக்குத் தெரிவது இதுதான்: தன் ஜெபத்தைத் தான் விடாமல் செய்துகொண்டு, அந்த இடத்தை மற்றவர்கள் தங்கள் தேவைக்குப் பயன்படுத்திவிட்டுப் போக விடுவது. போகிறவனிடம் கணக்குக் கேட்காமல் இருப்பது. இதில் இரண்டு பாதி உண்டு. ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டால் காரியம் கெட்டுவிடும்.

உங்கள் சபை அம்மாவைப் பற்றிய சந்தேகம் இங்கேதான் வருகிறது. நிக்கோலாய் வெறும் கூட்ட அரங்காக இருந்திருந்தால் கட்சி ஒரே உத்தரவில் பூட்டியிருக்கும். பூட்ட முடியாமல் போனதற்குக் காரணம் அங்கே நடந்தது ஜெபம். அதுவும் பேருக்குச் செய்கிற ஜெபமாக இல்லாததால்தான் வெளியே வந்தவர்கள் கல்லெடுக்கவில்லை. எனவே ஜெபம் முக்கியமா என்ற உங்கள் கேள்வி நியாயமானது. ஆனால் அந்த அம்மா ஜெபிக்கவில்லை என்று எப்படி முடிவு செய்தீர்கள்? ஜெபத்துக்கு வா என்று கூப்பிடாததை வைத்தா? மலைப்பிரசங்கத்திலேயே அறைவீட்டுக்குள் போய்க் கதவைப் பூட்டி ஜெபம்பண்ணச் சொல்லியிருக்கிறது. நாற்பது வருடம் யாரோ ஒருவர் எதற்காவது கையெழுத்துப் போடச் சொல்லி, உறுதிமொழி எடுக்கச் சொல்லி, ஊர்வலத்துக்குக் கூப்பிட்டுக்கொண்டே இருந்த ஊர் அது. அந்த ஜனங்களுக்குக் கூப்பிடுகிறவர்கள் என்றாலே ஒவ்வாமை. அந்த அம்மாவுக்கு அது தெரிந்திருக்கும். ஒருநாள் அகதிகள் வகுப்பு முடிந்து நாற்காலி அடுக்கும்போது கூட நின்று, இதை எதற்காகச் செய்கிறீர்கள் என்று கேட்டுப் பாருங்கள்.

இந்த இடத்தில் என்னை மறுக்கக்கூடிய ஒருவர் உண்டு, அவருக்கும் நம் ஊரோடு சம்பந்தம் உண்டு. லெஸ்லி நியூபிகின் என்ற ஆங்கிலேய மிஷனெரி. 1936-ல் சென்னைக்கு வந்தார், காஞ்சிபுரத்தில் ஊழியம் செய்தார், தமிழ் நன்றாகப் பேசுவார், ராமகிருஷ்ண மடத்துத் துறவிகளோடு உட்கார்ந்து உபநிஷதம் படித்தார். 1947-ல் தென்னிந்தியத் திருச்சபை உருவானபோது மதுரை - ராமநாதபுரம் பேராயர் ஆனார், அப்போது வயது முப்பத்தேழு. பிறகு சென்னைப் பேராயர். 1974-ல் ஓய்வு பெற்று இங்கிலாந்துக்குத் திரும்பினார், அதுவும் மனைவியோடு பஸ் பஸ்ஸாக மாறித் தரைவழியாக. போன இடத்தில் அதிர்ந்துபோனார். இந்தியாவிலிருந்து வந்தவருக்கு இங்கே எது கஷ்டமாக இருக்கிறது என்று கேட்டவர்களிடம், இங்கே நம்பிக்கை அற்றுப்போய்விட்டது என்பதே அவர் பதில். சென்னையின் மிக மோசமான சேரியில்கூட நாளை நன்றாக இருக்கும் என்ற எண்ணத்தைப் பார்த்தவர் அவர். எழுபது வயதுக்கு மேல் பர்மிங்காமில் சிறைச்சாலைக்கு எதிரே இருந்த ஒரு நலிந்த சின்னச் சபையை, மூட இருந்த நிலையில், எடுத்து நடத்தினார். வீடு வீடாகப் போனால் ஆசியக் குடும்பங்கள் உள்ளே கூப்பிட்டு உட்காரவைக்கும், வெள்ளைக்காரர் வீட்டில்தான் கதவு சாத்தப்படும்.

கதவைத் திறந்துவைத்து உட்கார்ந்திருந்தால் போதாது, உண்மை என்று நம்புவதைப் பொதுவெளியில் உண்மை என்றே சொல்ல வேண்டும், வீட்டுப் பூஜையறைச் சமாச்சாரமாகச் சுருக்கிக்கொள்ளக் கூடாது என்று அவர் சொல்லியிருப்பார். அவருடைய பிற்கால எழுத்துகள் முழுக்க இந்த வாதம்தான். மதச்சார்பற்ற சமூகம் நடுநிலையானது என்பதே ஒரு நம்பிக்கை, அதையும் கேள்வி கேட்க வேண்டும் என்றார். இதில் பாதிக்கு மேல் எனக்கு உடன்பாடுதான். கட்சிக்காரர்கள் முன்னால் ஃப்யூரர் வாசித்தது பொதுவெளியில் சொன்ன உண்மைதானே? ஆனால் நியூபிகினும் பழைய கிறிஸ்தவ ராஜ்யத்தைத் திரும்பக் கட்டச் சொல்லவில்லை. சுவிசேஷத்தை ஜனங்கள் நம்புவதற்கு ஒரே வழி, அதை நம்பி அதன்படி வாழ்கிற ஒரு சபையை அவர்கள் கண்ணால் பார்ப்பது என்றுதான் கடைசியில் வந்து நின்றார். அந்த இருபது முப்பது கிழவர் கிழவிகளை இப்போது வேறு மாதிரிப் பாருங்கள். அவர்களில் எழுபது, எண்பது வயதானவர்கள் பதினான்கு வயதில் யூகெண்ட்வைஹே வேண்டாம் என்று சொல்லி, படிப்பை இழந்தவர்களாக இருக்கலாம். யாரிடமாவது கேட்டீர்களா?

திருப்பிக் கொடுப்பது பற்றி இரண்டு வார்த்தை. லைப்சிக் மிஷன் இயக்குநர் கார்ல் கிரவுல் தமிழ்நாட்டுக்கு வந்து தங்கி, திரும்பிப் போய் 1856-ல் திருக்குறளை ஜெர்மனில் வெளியிட்டார். லைப்சிக் மிஷனெரியாக வந்த ஷோமேருஸ் திருவாசகத்தை மொழிபெயர்த்தார். இவர்களுக்கெல்லாம் முன்னால், ஜெர்மனியின் ஹாலே நகரில் படித்து 1706-ல் தரங்கம்பாடியில் இறங்கிய சீகன்பால்க், சின்னப் பிள்ளைகளோடு மணலில் விரல் வைத்து எழுதி அரிச்சுவடி கற்றார். பிரசங்கம் அதற்குப் பிறகுதான். தெருவில் இறங்கச் சொல்கிற உங்கள் போதகரிடம் இதைச் சொல்லுங்கள். முதலில் அந்த ஜனங்களின் நாற்பது வருடத்தைப் படிக்க வேண்டும், ஜெர்மன் மொழியில், அவர்கள் வாயால் கேட்டு. இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். அதே கிரவுல்தான் சபைக்குள் சாதியைச் சமூக வழக்கம் என்று விட்டுவைக்கலாம் என்று வாதாடியவர். அதன் விளைச்சலை நீங்கள் திருச்சியில் நன்றாகவே பார்த்திருப்பீர்கள். திருப்பிக் கொடுக்கிற மூட்டையில் அது போய்விடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

மகள் விஷயத்துக்கு வருகிறேன். லைப்சிக்கிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத்துக்குள் எர்ஃபுர்ட் வந்துவிடும், லுத்தர் துறவியாக இருந்த ஊர். அங்கே பேராலயத்தில் கத்தோலிக்கக் குரு ரைன்ஹார்ட் ஹவ்க 1998-ல் ஒரு காரியம் தொடங்கினார். ஞானஸ்நானம் பெறாத, பெறப்போவதும் இல்லாத பதினான்கு வயதுப் பிள்ளைகளுக்கு, வாழ்க்கைத் திருப்பத்தின் விழா என்று ஒன்று. பல மாதம் கூடிப் பேசுகிறார்கள். விழாவன்று தங்கள் குழந்தைப் பருவத்தை நினைவூட்டும் பொருள் ஒன்றைக் கொண்டுவந்து அதைப் பற்றிச் சொல்கிறார்கள். சேரச் சொல்வதில்லை, விசுவாச அறிக்கை இல்லை. சபைச் சரக்கை இப்படி மலிவாக விற்கலாமா என்று முணுமுணுத்தவர்கள் உள்ளேயே உண்டு. நான்கு வருடம் கழித்து, 2002 ஏப்ரலில், அந்த ஊர்ப் பள்ளி ஒன்றில் முன்னாள் மாணவன் பதினாறு பேரைச் சுட்டுக் கொன்றான், பெரும்பாலும் ஆசிரியர்கள். ஒரு வாரம் கழித்து நடந்த அஞ்சலியில் ஒரு லட்சம் பேர் அளவில் நின்றார்கள். எங்கே? பேராலயப் படிகளுக்கு முன்னால். மதம் இல்லாத நகரம், துக்கத்துக்கு வேறு இடம் தெரியாமல் அங்கே வந்தது. அதே வருடம் பேராலயத்தில் மாதத்துக்கு ஒருமுறை இறந்தவர்களை நினைக்கும் வழிபாடு ஒன்றும் தொடங்கியது. எந்த மதத்தவரும், மதமே இல்லாதவரும் வந்து தங்கள் வீட்டில் இறந்தவரின் பெயரை ஒரு புத்தகத்தில் எழுதிவைக்கலாம்.

ஐம்பதுகளில் சபை அதுவா இதுவா என்று கேட்டுத் தோற்றது. நீங்களும் உங்கள் மகளிடம் அதே கேள்வியைக் கேட்காதீர்கள். இன்றைய யூகெண்ட்வைஹேயில் சோஷலிசமும் இல்லை, சபை எதிர்ப்பும் இல்லை. புது உடை, ஒரு சொற்பொழிவு, தாத்தா பாட்டி கொடுக்கும் பணம், சாப்பாடு. நம் ஊர்ப் பூப்புனித நீராட்டு விழாவுக்கு உள்ள அளவு தத்துவம்தான் அதற்கும். உங்கள் மனைவியின் பயம் எனக்குப் புரிகிறது. அந்நிய நாட்டில் பிள்ளை கையை விட்டுப் போய்விடும் என்ற பயம் அது, விழாவோடு அதற்குச் சம்பந்தம் குறைவு. மகள் திடப்படுத்தல் வகுப்புக்குப் போகட்டும், அந்தச் சபை அம்மாவிடமே. தோழிகளின் விழாவுக்கும் நல்ல உடை போட்டுக்கொண்டு விருந்தாளியாகப் போகட்டும். தானும் மேடையேற வேண்டுமா என்பதை ஒரு வருடம் வகுப்புக்குப் போன பிறகு அவளே சொல்லட்டும்.

அவள் திடப்படுத்தலுக்கு வகுப்பு முழுவதையும் கூப்பிடுங்கள். அந்தப் பிள்ளைகளில் பலர் ஆராதனை ஒன்றையும் பார்த்திருக்க மாட்டார்கள், எங்கே எழுந்து நிற்பது எங்கே உட்காருவது என்று தெரியாமல் திருதிருவென்று விழிப்பார்கள். யாராவது பக்கத்தில் உட்கார்ந்து சொல்லித்தர வேண்டும். சாப்பாட்டுக்குப் பிரியாணி போட்டுவிடுங்கள், காரம் குறைவாக. அதற்கு முன்னால் ஒரு திங்கட்கிழமை ஐந்து மணிக்கு அலுவலகத்திலிருந்து கொஞ்சம் சீக்கிரம் கிளம்பி நிக்கோலாய் ஆலயத்துக்குப் போய்வாருங்கள். அந்த ஜெபம் இன்னமும் நடக்கிறது. போய்வந்து என்ன பார்த்தீர்கள் என்று எழுதுங்கள்.